கிராம சபைக் கூட்டம்: பதினாறு முறை போய்வந்த அனுபவம்

முதலில் மார்க்கைச் சொல்லிவிடுகிறேன்: ஐந்துக்கு மூன்று. 2021-இல் கேட்டிருந்தால் ஒன்றுக்கு மேல் போட்டிருக்க மாட்டேன். ஒன்று எப்படி மூன்று ஆனது, மீதி இரண்டு ஏன் இன்னும் வரவில்லை என்பதைத்தான் எழுதப்போகிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் இருப்பது திருச்சி மாவட்டத்தில் ஒரு சின்ன ஊராட்சி. ஊர்ப் பெயர் வேண்டாம், இதில் வருகிற எல்லோரையும் நாளைக்கும் ரேஷன் கடை வரிசையில் பார்க்க வேண்டியவள் நான். ஜனத்தொகை 2,800 சொச்சம், நான்கு தெரு, தள்ளி ஒரு காலனி. வீட்டிலேயே மிஷின் போட்டு ஜாக்கெட் தைக்கிறேன். ஓட்டுப் போட ஆரம்பித்ததிலிருந்து ஒரு தேர்தலையும் விட்டதில்லை, ஆனால் விரலில் மை வைத்ததோடு நம் வேலை முடிந்தது என்றுதான் அதுவரை இருந்தேன். 2021 அக்டோபர் 2 அன்று நூறு நாள் வேலை அட்டை வைத்திருக்கிறவர்கள் எல்லாம் கட்டாயம் வரணும் என்று பணித்தளப் பொறுப்பாளர் சொல்லிவிட்டதால் என் மாமியார் கிளம்பினார். மூட்டுவலியோடு அவரைத் தனியாக அனுப்ப மனசில்லாமல் நானும் கூடப் போனேன். அப்படித்தான் இது ஆரம்பித்தது.

போகாதவர்களுக்காக அடிப்படை விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்கிற எல்லோரும் கிராம சபை உறுப்பினர்கள். தனியாக யாரும் சேர்த்துக்கொள்ள வேண்டாம், சந்தா கிடையாது, அழைப்பிதழ் தேவையில்லை. சட்டமன்றத்துக்கும் நாடாளுமன்றத்துக்கும் நாம் ஆளைத் தேர்ந்தெடுத்து அனுப்புகிறோம், இங்கே நாமே உறுப்பினர். முன்பு ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று வருஷத்துக்கு நான்கு கூட்டம். 2022-இல் மார்ச் 22 உலகத் தண்ணீர் நாளையும் நவம்பர் 1 உள்ளாட்சி நாளையும் சேர்த்து ஆறாக்கினார்கள். தேர்தல் நேரம், பண்டிகை விடுமுறை என்றால் தள்ளிப்போகும், சில சமயம் நடக்காமலே போகும். பெரும்பாலும் காலை 11 மணிக்கு. கூட்டம் செல்லுபடியாக இத்தனை பேர் வந்தாக வேண்டும் என்று கணக்கு இருக்கிறது: 500 பேர் வரை உள்ள ஊராட்சிக்கு 50, 3,000 வரை 100, 10,000 வரை 200, அதற்கு மேல் 300. எங்களுக்கு 100. இந்த நூறு என்கிற எண்ணைச் சுற்றித்தான் எங்கள் ஊரில் எல்லாமே நடந்தது.

வசதிகளைப் பற்றி ரொம்பச் சொல்ல ஒன்றுமில்லை. சாமியானா போடுவார்கள், நாற்காலி முன்னால் இரண்டு வரிசைக்குத்தான் இருக்கும், பெண்கள் தார்ப்பாயில் உட்காருவோம். மைக் பாதி நேரம் கரகரக்கும். டீயும் பிஸ்கட்டும் உண்டு. கழிப்பறை பள்ளிக்கூடத்தில் நடந்தால் உண்டு, மற்ற இடத்தில் கிடையாது, மூன்று மணி நேரக் கூட்டத்துக்கு வயசான பெண்கள் வராததற்கு இது ஒரு காரணம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். குடிக்கத் தண்ணீர் நீங்களே கொண்டுபோய்விடுங்கள்.

முதல் கூட்டத்தில் என்னை உறுத்திய விஷயம் வருகைப் பதிவேடு. நீளமான கோடு போட்ட நோட்டு, வரிசை எண், பெயர், கையெழுத்து என்று மூன்று கட்டம். ஒரு பையன் பெயர் எழுதிக்கொண்டே வருகிறான், பின்னாலேயே இன்னொருவர் மைப்பெட்டியோடு வருகிறார். என் மாமியார் முறை வந்தபோது அந்தப் பையன் முகத்தைப் பார்த்துவிட்டு, கேட்காமலேயே “கருப்பையா மனைவி” என்று எழுதிவிட்டான். மாமனார் செத்து ஒன்பது வருஷம் ஆகிறது. பதிவேட்டைக் கொஞ்சம் இழுத்துப் பார்த்தேன். அந்தப் பக்கத்தில் இருந்த ஆண்கள் எல்லோருக்கும் பெயர் இருந்தது. பெண்களில் பாதிப் பேர் இன்னார் மனைவி, இன்னார் தாயார். அந்தப் பையன் மேல் தப்பு சொல்ல மாட்டேன், ஊரில் அப்படித்தான் கூப்பிடுகிறோம். “தம்பி, எங்க அத்தை பேரு அங்கம்மாள், அப்படியே எழுதுப்பா” என்றேன். அடித்துவிட்டு எழுதினான். அத்தை என் கையைக் கிள்ளினார், எதுக்கு ஊர் முன்னால் இதெல்லாம் என்று.

இது ஒரு சின்ன விஷயம் இல்லை. சுதந்திர இந்தியாவின் முதல் பொதுத்தேர்தலுக்கு வாக்காளர் பட்டியல் தயாரித்தபோது, லட்சக்கணக்கான பெண்கள் தங்கள் சொந்தப் பெயரைச் சொல்லாமல் இன்னாரின் மனைவி, இன்னாரின் மகள் என்றே பதிவு செய்தார்கள், பெரும்பாலும் வடமாநிலங்களில். அப்போது தலைமைத் தேர்தல் ஆணையராக இருந்த சுகுமார் சென், பெயர் இல்லாமல் ஓட்டு இல்லை என்று பிடிவாதமாக நின்றார். திருத்திக்கொள்ள அவகாசமும் கொடுத்தார்கள். அப்படியும் சுமார் 28 லட்சம் பெண்களின் பதிவுகள் நீக்கப்பட்டு, 1951-52 தேர்தலில் அவர்கள் ஓட்டுப் போட முடியாமல் போனது. சட்டம் ஓட்டைக் கொடுத்துவிட்டது, பெயர் எழுத முடியாததால் கைக்கு வரவில்லை. அங்கம்மாள் என்கிற பெயரை அந்தப் பையன் எழுதினபோது எனக்கு இதெல்லாம் தெரியாது. பின்னால் என் மகள் கல்லூரிப் பாடத்துக்காகப் படித்துக்கொண்டிருந்தபோது சொன்னாள், அன்று ராத்திரி ரொம்ப நேரம் அதையே பேசிக்கொண்டிருந்தோம்.

சரி, தண்ணீர் விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் கீழத்தெருவுக்கு மூன்று நாளைக்கு ஒருமுறை, விடியற்காலை நாலரை மணிக்கு, இருபது நிமிஷம் தண்ணீர் வரும். மேல்நிலைத் தொட்டி என்னவோ ரொம்பித்தான் இருக்கும். ஆனால் ஒரே வால்வில் மூன்று தெருவுக்குப் பிரிவதால் மேட்டில் இருக்கும் எங்களுக்கு ஏறுவதற்குள் மோட்டாரை நிறுத்திவிடுவார்கள். தனி வால்வு போட்டால் தீரும் என்று டேங்க் ஆபரேட்டரே சொன்னார். 2022 மே 1 கூட்டத்தில் எழுந்து கேட்டேன். கை நடுங்கியது, சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டுதான் பேசினேன். கூட்டத்தைக் கவனிக்க ஒன்றியத்திலிருந்து வந்திருந்த அதிகாரி, பற்றாளர் என்பார்கள், பொறுமையாகத்தான் கேட்டார், கேட்டுவிட்டு, “அது இன்னைக்குக் கூட்டப் பொருள்ல இல்லைங்கம்மா, தனியா மனு கொடுங்க” என்றார். கூட்டப் பொருள் சென்னையிலிருந்து வருகிறது, ஊராட்சியின் செலவுக் கணக்கு, டெங்கு, தூய்மை, குடிநீர், நூறு நாள் வேலை என்று ஒரு பட்டியல். குடிநீர் அந்தப் பட்டியலில் இருந்தது. கீழத்தெரு இல்லை.

இதை எழுதும்போது எனக்கு நினைவு வருவது சென்னையில் 1917 டிசம்பரில் நடந்தது. இந்தியாவுக்கு என்ன சீர்திருத்தம் கொடுக்கலாம் என்று கேட்க பிரிட்டிஷ் அரசின் இந்தியா மந்திரி மாண்டேகு வந்திருந்தார். அதே வருஷம் மே மாதம் அடையாற்றில் இந்திய மாதர் சங்கம் ஆரம்பித்திருந்தார்கள். அதில் முன்னால் நின்ற மார்கரெட் கசின்ஸ், பெண்கல்வி பற்றிப் பேசத்தான் மந்திரியிடம் நேரம் கேட்டார். அரசியல் விஷயமாக வரும் குழுக்களை மட்டும்தான் பார்ப்போம் என்று பதில் வந்தது. அதற்காக அந்தப் பெண்கள் வீட்டுக்குப் போய்விடவில்லை. சரி, அரசியலே பேசுகிறோம் என்று மனுவில் வாக்குரிமையைச் சேர்த்தார்கள். சரோஜினி நாயுடு தலைமையில் போய், ஆண்களுக்கு எந்தத் தகுதியில் ஓட்டுக் கொடுக்கிறீர்களோ அதே தகுதியில் பெண்களுக்கும் கொடுங்கள் என்று கேட்டார்கள். பள்ளிக்கூடம் கேட்கப் போன இடத்தில் ஓட்டுக் கேட்டுவிட்டு வந்தார்கள். எனக்கு இந்தக் கதை எத்தனை தடவை சொன்னாலும் அலுக்காது.

உடனே கிடைக்கவில்லை. 1919 சட்டம் பெண்களுக்கு ஓட்டுக் கொடுக்கவில்லை, அந்தந்த மாகாண சபை விரும்பினால் கொடுத்துக்கொள்ளலாம் என்று தள்ளிவிட்டது. நீதிக்கட்சி ஆட்சியில் இருந்தபோது 1921-இல் சென்னை மாகாண சட்டசபை அந்தத் தடையை நீக்கியது, பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களில் முதலாவது நம்முடையதுதான். ஆனால் சொத்தும் வரியும் பார்த்துத்தான் ஓட்டு என்பதால் என் அத்தையின் அம்மா மாதிரி கூலிக்காரப் பெண்ணுக்கு அதில் ஒரு பங்கும் இல்லை, கூலிக்கார ஆணுக்கும் இல்லை. புதுக்கோட்டையில் பிறந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி 1927-இல் சட்டசபைக்குள் நியமன உறுப்பினராகப் போய் அதன் துணைத் தலைவராகவும் ஆனார். தேவதாசி முறையை ஒழிக்க அவர் ஆரம்பித்த போராட்டம் சட்டமாக முடிந்தது 1947-இல். இருபது வருஷம். கீழத்தெரு வால்வுக்குப் பத்து மாதம் ஆனதற்கு நான் சலித்துக்கொள்ளும்போதெல்லாம் இந்த இருபதை நினைத்துக்கொள்வேன்.

திரும்ப என் கதை. ஆகஸ்ட் 15 கூட்டத்தில் மறுபடி கேட்டேன், இந்த முறை தெருவிலிருந்து ஆறு பெண்கள் கூட எழுந்து நின்றார்கள். தலைவரின் வீட்டுக்காரர், “செஞ்சிரலாம் அக்கா, உட்காருங்க” என்றார். எல்லோரும் கைதட்டினார்கள், நாங்களும் சந்தோஷமாக வந்துவிட்டோம். செப்டம்பர் வந்தது, ஒன்றும் நடக்கவில்லை. ஊராட்சி அலுவலகத்தில் போய்க் கேட்டால், அப்படி ஒரு தீர்மானமே இல்லையே என்கிறார் செயலர். நூற்று முப்பது பேர் முன்னால் பேசிய விஷயம் இல்லையாம்.

என் மகள்தான் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம் என்றாள். வெள்ளைத்தாளில் மனு எழுதி, பத்து ரூபாய்க்குக் கோர்ட் ஃபீஸ் ஸ்டாம்ப் ஒட்டி, பொதுத் தகவல் அலுவலருக்குப் பதிவுத்தபாலில் அனுப்பினோம். கேட்டது இரண்டே இரண்டு: மே 1, ஆகஸ்ட் 15 கிராம சபைத் தீர்மானங்களின் நகல், வருகைப் பதிவேட்டின் நகல். முப்பது நாளில் பதில் தர வேண்டும் என்பது சட்டம், பக்கத்துக்கு இரண்டு ரூபாய். எங்களுக்கு இருபத்தைந்தாம் நாளே வந்துவிட்டது, அதற்கு அந்த அலுவலகத்துக்கு முழு மார்க். வந்த தாளைப் படித்தபோதுதான் நெஞ்சு அடைத்தது. குடிநீர் என்கிற தலைப்புக்குக் கீழே அழகான கையெழுத்தில் எழுதியிருந்தது: “அனைத்துத் தெருக்களுக்கும் சீரான குடிநீர் வழங்கப்பட்டு வருவது கூட்டத்தில் தெரிவிக்கப்பட்டு, மன்றம் ஏற்றுக்கொண்டது.” அதற்குக் கீழே வருகைப் பதிவேட்டில் வரிசையாக எங்கள் கையெழுத்துகள். என் கையெழுத்தும் இருக்கிறது. தண்ணீர் வரவில்லை என்று நான் கத்திய அதே கூட்டத்தில், சீராக வருகிறது என்பதற்கு நான் சாட்சி.

அங்கேதான் எனக்குப் புரிந்தது. அந்தக் கூட்டத்தில் நாம் பேசுவதற்கு மதிப்பு கிடையாது, அந்தப் புத்தகத்தில் எழுதுவதற்குத்தான் மதிப்பு. கூட்டம் ஆரம்பிக்கும்போதே கையெழுத்து வாங்கிவிடுகிறார்கள், தீர்மானத்தைச் சாயங்காலம் உட்கார்ந்து எழுதுகிறார்கள். நாம் வெற்றுத்தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறோம்.

2022 அக்டோபர் 2. கீழத்தெருப் பெண்கள், மகளிர் குழுப் பெண்கள் எல்லோரும் முதல் நாள் ராத்திரியே பேசிவைத்துக்கொண்டோம். பதிவேடு வந்தது, நாங்கள் வாங்கவில்லை. “தீர்மானம் எழுதி, மைக்கில படிச்சுக் காட்டுங்க, கேட்டுட்டுக் கையெழுத்துப் போடுறோம்” என்றோம். முதலில் சிரித்தார்கள், அப்புறம் கோபப்பட்டார்கள், அப்புறம் எண்ணிப் பார்த்தார்கள். ஆண்கள் ஐம்பது சொச்சம், நாங்கள் எழுபதுக்கு மேல். எங்களை விட்டால் நூறு வராது, நூறு வராவிட்டால் கூட்டமே செல்லாது. பற்றாளர் போனில் யாரிடமோ பேசினார். பன்னிரண்டரை மணிக்குச் செயலர் பேனாவை எடுத்து எங்கள் முன்னாலேயே எழுதினார். பதினான்காவது தீர்மானம். கீழத்தெருவுக்குத் தனி கேட் வால்வு அமைக்கவும், அதற்கான செலவை ஊராட்சிப் பொது நிதியிலிருந்து எடுக்கவும் என்று அவர் எழுதி முடித்துப் படித்தபோது, பின்னால் இருந்து ஒரு ஆயா, “எந்த மாசத்துக்குள்ளன்னு போடு” என்று கத்தினார். மூன்று மாதத்துக்குள் என்று சேர்த்தார்கள். அதற்கப்புறம் ஒவ்வொருவராகப் போட்டோம். வால்வு வர மார்ச் ஆகிவிட்டது, ஆனால் வந்தது. இப்போது ஒருநாள் விட்டு ஒருநாள், முக்கால் மணி நேரம் வருகிறது. மார்க் ஒன்றிலிருந்து மூன்றானது அன்றைக்குத்தான்.

தண்ணீருக்காக ஒரு பெண் பேசுவதை லேசாக நினைக்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். மதுரை வில்லாபுரத்தில் லீலாவதி என்று ஒரு கவுன்சிலர் இருந்தார். நெசவுத் தொழிலாளி, மார்க்சிஸ்ட் கட்சி. 1996 உள்ளாட்சித் தேர்தலில் ஜெயித்து மாநகராட்சிக்குப் போனார். அதற்கு முன் பத்து வருஷமாக உள்ளாட்சித் தேர்தலே நடக்காமல், பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு என்கிற சட்டம் வந்தபின் தமிழ்நாட்டில் நடந்த முதல் உள்ளாட்சித் தேர்தல் அது. லாரித் தண்ணீரைக் காசு கொடுத்து வாங்கிக்கொண்டிருந்த அந்தப் பகுதிக்குக் குழாய்த் தண்ணீர் வேண்டும் என்று போராடிக் கொண்டுவந்தார். 1997 ஏப்ரல் 23 அன்று பட்டப்பகலில் அவரை வெட்டிக் கொன்றார்கள். பதவிக்கு வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. என் மாமியார் ஊர் முன்னால் வேண்டாம் என்று கையைக் கிள்ளியதற்குப் பின்னால் இந்தப் பயமும் இருக்கிறது, அதை நான் குறையாகச் சொல்ல மாட்டேன்.

எங்கள் தலைவரைப் பற்றி. 2016-இல் சட்டம் திருத்தி உள்ளாட்சியில் பெண்களுக்குப் பாதி இடம் என்று ஆக்கியபின், 2019 டிசம்பரில் நடந்த தேர்தலில் எங்கள் ஊராட்சி பெண்களுக்கு ஒதுக்கப்பட்டது. ஜெயித்தவர் நல்ல பெண்மணி, ஆனால் முதல் இரண்டு வருஷம் கூட்டத்தில் அவர் குரலை நான் கேட்டதே இல்லை. நடுநாற்காலியில் வீட்டுக்காரர், ஓரத்தில் இவர். வருகிற அதிகாரிகளும் அவரைப் பார்த்துத்தான் பேசுவார்கள். ஒருமுறை மோட்டார் பழுது பற்றிக் கேள்வி வந்து வீட்டுக்காரர் பதில் சொல்ல எழுந்தபோது, மகளிர் குழுத் தலைவி, “அண்ணே, நாங்க ஓட்டுப் போட்டது அண்ணிக்கு, அவங்க சொல்லட்டும்” என்றார். ஒரே அமைதி. தலைவர் மெதுவாக எழுந்து, எந்த போர்வெல், எத்தனை அடி, எந்தத் தேதி மோட்டாரைக் கழற்றினார்கள், மெக்கானிக் எவ்வளவு கேட்டான் என்று வரிசையாகச் சொன்னார். எல்லாம் தெரிந்திருந்தது அவருக்கு. பேசச் சொல்லி இரண்டு வருஷமாக யாரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. அதற்கப்புறம் அவர்தான் பேசினார், வீட்டுக்காரர் கொஞ்ச நாள் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டிருந்தார், பிறகு சரியாகிவிட்டது. இடஒதுக்கீட்டால் ஒன்றும் ஆகாது, புருஷன்தான் ஆள்வான் என்று டீக்கடையில் பேசுகிறவர்கள் அன்றைக்கு அங்கே இருந்திருக்க வேண்டும்.

எங்கே கூட்டம் நடக்கிறது என்பதையும் கவனியுங்கள். ஒரே இடத்தில் நடத்தாமல் குக்கிராமங்களுக்கு மாற்றி மாற்றி நடத்த வேண்டும், கோயில், மசூதி, சர்ச் மாதிரி மதம் சார்ந்த இடங்களில் நடத்தக் கூடாது என்று ஒவ்வொரு முறையும் அறிவிப்பில் சொல்கிறார்கள். எங்கள் ஊரில் ரொம்ப நாள் கோயில் மண்டபத்தில்தான் நடந்தது. காலனிக்காரர்கள் வந்தால் வெளியே வேப்பமரத்தடியில் நிற்பார்கள், கையெழுத்துப் போட்டுவிட்டுப் போய்விடுவார்கள். நான் முதலில் போன அதே 2021 அக்டோபர் 2 அன்று முதலமைச்சர் மதுரை மாவட்டம் பாப்பாபட்டியில் கிராம சபையில் உட்கார்ந்திருந்தார். தலைவர் பதவி பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டது என்பதற்காகவே 1996-இலிருந்து பத்து வருஷம் தேர்தல் நடத்த விடாத ஊர் அது. டிவியில் அதைக் காட்டிக்கொண்டிருந்த நேரத்தில் எங்கள் ஊர்க் காலனிப் பெண்கள் மரத்தடியில் நின்றுகொண்டிருந்தார்கள். 2023-இல் பள்ளிக்கூடத்துக்கு மாற்றியபின்தான் எல்லோரும் ஒரே தார்ப்பாயில் உட்கார்ந்தோம். ஒருமுறைகூடக் காலனியில் நடத்தவில்லை. ஒரு மார்க் இதற்காகக் குறைக்கிறேன்.

இன்னொரு மார்க், இப்போதைய நிலைமைக்கு. 2025 ஜனவரி 5-ஆம் தேதியோடு எங்கள் மாவட்டம் உட்பட 28 மாவட்டங்களில் ஊராட்சித் தலைவர்கள் பதவிக்காலம் முடிந்து, அரசு நியமித்த தனி அலுவலர்கள் பொறுப்புக்கு வந்தார்கள். எங்களுக்கு வந்தவர் நல்லவர்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் அவருக்கு எத்தனை ஊராட்சி என்று அவருக்கே நினைவு வைத்துக்கொள்ள சிரமம். முன்பு வால்வு வரவில்லை என்றால் தலைவர் வீட்டு வாசலில் போய் நிற்போம், அடுத்த முறை ஓட்டு வேண்டும் என்கிற நினைப்பு அவருக்கு இருக்கும். தனி அலுவலர் நம் ஓட்டை எதிர்பார்த்து இல்லை. 2025-இல் நான் போன கூட்டங்களில் கேள்வி கேட்டால் வரும் பதில் ஒன்றுதான், “மேலதிகாரிகளுக்கு எழுதியிருக்கிறோம்.” ஓட்டு என்பது ஆளைத் தேர்ந்தெடுப்பதற்கு மட்டும் இல்லை, தேர்ந்தெடுத்தவரை வாசலில் நிறுத்திக் கேட்பதற்கும் என்பது அது இல்லாத இந்த நாட்களில்தான் எங்களுக்கு நன்றாக உறைத்தது.

நீங்கள் போவதாக இருந்தால் சில விஷயம். பத்தரைக்கே போய்விடுங்கள், நடுவில் உட்காருங்கள், ஓரத்தில் உட்கார்ந்தால் மைக் வராது. தனியாகப் போகாதீர்கள், குறைந்தது நான்கு பேராவது பக்கத்தில் இருந்தால் குரல் தானாக வரும். கேட்க வேண்டியதை ஒரே ஒரு வாக்கியமாக, என்ன, எங்கே, எப்போதுக்குள் என்று எழுதி எடுத்துப் போங்கள், பேசிவிட்டு அந்தத் தாளையே கொடுத்து இதை அப்படியே தீர்மானமாக எழுதுங்கள் என்று சொல்லுங்கள். தீர்மான எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள், எண் இல்லாத வாக்குறுதிக்கு எங்கள் ஊரில் ஒரு மதிப்பும் இருந்ததில்லை. வரவு செலவுக் கணக்கை வாசிக்கும்போதுதான் டீ வரும், டீயைக் கீழே வைத்துவிட்டுக் கணக்கைக் கேளுங்கள். கையெழுத்தைக் கடைசியில் போடுங்கள். பதிவேட்டில் உங்கள் பெயர் உங்கள் பெயராக இருக்கிறதா என்று பாருங்கள்.

காலனிக்கு இன்னும் புதுக் குழாய் போகவில்லை. பழைய இரும்புக் குழாய்தான், கோடையில் செம்மண் கலரில் தண்ணீர் வருகிறது. அதற்குத் தீர்மானம் இரண்டு முறை போட்டாகிவிட்டது, இரண்டுக்கும் எண் இருக்கிறது. மதிப்பீடு தயாரித்தீர்களா, எந்தத் தேதியில் அனுப்பினீர்கள் என்று கேட்டுப் போன வாரம் ஒரு மனு போயிருக்கிறது. அதை நான் எழுதவில்லை. காலனியில் பிளஸ் டூ படிக்கிற ஒரு பெண் பழைய மனுவின் நகலை என்னிடம் வாங்கிப்போய், தன் அம்மா பெயரில் எழுதி, அம்மாவையே கையெழுத்துப் போட வைத்து அனுப்பியிருக்கிறாள். முப்பது நாள் அடுத்த மாதம் 19-ஆம் தேதி முடிகிறது.